உதிரி பாகங்கள் – 14: ஒன்பதாவது பாட்டும் வாய் மூடிய ஷட்டரும்

சனிக்கிழமை முழுக்க அப்பா கராஜுக்குள் தனியாக இருந்தார். ஷட்டர் பாதி இறங்கியிருந்தது. உள்ளே கொஞ்ச நேரம் சுத்தியல் சத்தம் கேட்டது. பிறகு துளை போடும் மெஷின். அப்புறம் நெடுநேரம் ஒன்றுமே இல்லை. மகள் போய்க் குனிந்து எட்டிப் பார்த்தபோது, "நாளைக்குப் பாரு" என்றார்.

மூன்று வாரத்தில் அவர் அவளிடம் தானாகச் சேர்த்துச் சொன்ன இரண்டு வார்த்தைகள் அவைதாம்.

மூன்று வாரத்துக்கு முன்னால்தான் அந்த லெட்டர் வந்தது. ஏற்கனவே லிஃப்ட் ரிப்பேர் பார்த்துவந்த மகளுக்கு ஒரு லிஃப்ட் கம்பெனியில் வேலை. பதினோரு மணி நேரப் பயணத் தூரத்தில் ஓர் ஊர். இரண்டு வருஷ ஒப்பந்தம். மகள் அதை வாசித்துக் காட்டினாள். அப்பா "ம்" என்றார். கையைத் துணியில் துடைத்துக்கொண்டு, ரிப்பேருக்கு வந்திருந்த ஒரு வண்டிக்கு அடியில் போய்ப் படுத்துவிட்டார். கோபமா, வருத்தமா, சம்மதமா என்று வீட்டில் ஒருவருக்கும் தெரியவில்லை. அம்மா மட்டும், "வண்டிக்கு அடியில இருந்து வெளிய வந்துதானே ஆகணும்" என்று சொல்லிவிட்டு ஆஸ்பத்திரிக்கு ஷிஃப்டுக்குக் கிளம்பிப் போனாள்.

திங்கட்கிழமை காலை மகள் பஸ் ஏறுகிறாள். அதற்கு முன்னால் ஒரு பாட்டு பாக்கி இருந்தது.

'உதிரி பாகங்கள்' மூன்று பேர் கொண்ட ராக் குழு. டிரம்ஸ் அடிப்பவள் மகள். கிடார் வாசித்துப் பாடுகிறவன் அவளுக்கு நான்கு வயது இளைய தம்பி. பக்கவாட்டில் திரும்பி நின்றால் காணாமல் போய்விடுவான் என்பதால் 'குண்டூசி' என்று பெயர். காது கேட்கும் கருவிகள் விற்கிற கடையில் அவனுக்கு வேலை. பேஸ் கிடார் வாசிப்பவர் இவர்களுடைய அத்தை, அதாவது அப்பாவின் தங்கை. நாற்பத்தாறு வயது. டவுன் பஸ் ஓட்டுகிறார். அப்பா இன்னமும் அவரைப் 'பாப்பா' என்றுதான் கூப்பிடுவார். டிப்போவுக்கு போன் செய்தாலும் அப்படியே கேட்பார். "பாப்பா டியூட்டியில இருக்கா?"

ஐந்து மாதமாக, கராஜ் மூடியிருக்கும் ஞாயிற்றுக்கிழமைகளில், முதல் ஆல்பத்துக்காக எட்டுப் பாட்டுப் பதிவு செய்திருந்தார்கள். எட்டும் குண்டூசி எழுதியவை; எட்டாவது பதிவாகி ஒரு மாதத்துக்கு மேல் ஆகிறது. ஒன்பதாவது மகள் எழுதியது. அவள் எழுதிய முதல் பாட்டும் அதுதான். டிரம்ஸ் அடித்துக்கொண்டே அவளே பாட வேண்டும்.

ஆல்பம் இசைத்தட்டாக வரப் போகிறது. தட்டில் பள்ளம் வெட்டித் தருகிற மனிதர் வேறு ஊரில் இருக்கிறார். திங்கட்கிழமை காலை அவருடைய மெஷினில் இவர்களுக்கு இடம். பாட்டுகள் ஞாயிறு மாலை ஆறு மணிக்குள் அவருக்குப் போய்ச் சேர வேண்டும். "ஆறு ஒண்ணுக்கு வந்தாலும் அடுத்த ஆளுக்குப் போயிடுவேன் தம்பி. எட்டு கைல இருந்தா எட்டை வெட்டுவேன்" என்று போனில் தெளிவாகச் சொல்லியிருந்தார்.

ஆகவே ஞாயிற்றுக்கிழமை பதிவானால் ஒன்பது. இல்லாவிட்டால் எட்டு.

ஞாயிறு காலை ஒன்பதரைக்கு மூவரும் கராஜுக்கு வந்தார்கள். அப்பா வாசலில் நின்றுகொண்டிருந்தார். சலவைச் சட்டை போட்டிருந்தார்.

"உள்ள வாங்க" என்றார்.

உள்ளே வந்தார்கள். அப்பா ஷட்டரின் கைப்பிடியில் ஒற்றை விரலை வைத்தார். இழுத்தார். இருபது வருஷமாகத் தெரு முழுவதையும் எழுப்பி வந்த அந்த இரும்பு ஷட்டர், துணித்திரை இறங்குவதுபோல் இறங்கித் தரையைத் தொட்டது. ஒரு சத்தம் இல்லை.

"எப்படி?"

"அடேங்கப்பா" என்றார் அத்தை.

"உங்க பாட்டெல்லாம் கேட்டேன்" என்றார் அப்பா. "நல்லாத்தான் இருக்கு. ஆனா பின்னாடி ஒரு இரைச்சல். எதுவோ ஆடிக்கிட்டே இருக்கு. வண்டியில இப்படி ஒரு சத்தம் வந்தா கஸ்டமர் மறுநாளே கொண்டாந்து நிறுத்திடுவான். அஞ்சு மாசமா இந்த ஷட்டரை வச்சுக்கிட்டுக் கஷ்டப்பட்டிருக்கீங்க. ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா? முப்பத்தெட்டு பட்டை இருக்கு. ரெண்டு முனையிலயும் ரப்பர் வச்சுட்டேன். போல்ட் எல்லாம் முறுக்கியாச்சு. கிரீஸும் போட்டாச்சு. இனிமே நீங்க எவ்வளவு வேணாலும் அடிங்க. அது வாயே திறக்காது."

சொல்லிவிட்டு, பக்கக் கதவு வழியாக வெளியே போய் ஒரு பழைய டயர்மேல் உட்கார்ந்துகொண்டார். மூன்று வாரத்தில் அவர் இவ்வளவு நீளமாகப் பேசியதே இல்லை. அதுவே மகளுக்குச் சந்தோஷமாக இருந்தது.

முதல் தடவை வாசிக்கும் வரைக்கும்தான் அந்தச் சந்தோஷம்.

இவர்கள் பதிவு செய்யும் முறை கொஞ்சம் பழைய முறை. பெரிய ஸ்டுடியோக்களில் ஒவ்வொருவரையும் தனி அறையில் வைத்துத் தனித்தனியாக வாசிக்கச் சொல்லி, பிறகு ஒட்டுவார்கள். கராஜில் தனி அறை ஏது? மூன்று பேரும் ஒரே இடத்தில் நின்று ஒரே நேரத்தில் வாசிப்பார்கள். நான்கு மைக்குகள். கிடாருக்கு வைத்த மைக்கில் டிரம்ஸும் விழும். டிரம்ஸுக்கு வைத்ததில் பேஸும் விழும். எல்லாவற்றிலும் சுவரும் தரையும் விழும். டிரம்ஸ் நிற்பது வண்டிக்கு அடியில் இறங்கி வேலை பார்க்கும் குழியின்மேல் போட்ட பலகைகளில். அதனால் காலால் மிதிக்கிற பெரிய டிரம்முக்கு அடியில் ஓர் ஆள் உயரத்துக்குக் காற்று இருக்கிறது. அது சேர்ந்து அதிரும். கேட்கிறவருக்கு அது வயிற்றில் கேட்கும். சுருக்கமாகச் சொன்னால், இந்தக் குழுவில் கராஜும் ஓர் ஆள்.

அந்த ஆள் இன்றைக்கு வரவில்லை.

வாசித்ததைப் போட்டுக் கேட்டபோது குண்டூசியின் முகம் சுருங்கியது.

"போர்வைக்குள்ள உட்கார்ந்து வாசிச்ச மாதிரி இருக்கு."

"இன்னொரு தடவை போடு" என்றாள் மகள்.

போட்டான். அப்படியேதான் இருந்தது. பக்கத்திலேயே பழைய நான்காவது பாட்டையும் போட்டான். அதில் ஒவ்வொரு அடிக்கும் பின்னால் ஒரு பளபளப்பு இருந்தது. மழைக்குப் பிறகு தெரு மின்னுவதுபோல். அப்பா சொன்ன இரைச்சல் அதுதான்.

"இது வேற வீட்டுப் பாட்டு மாதிரி இருக்கு, அக்கா. எட்டு முடிஞ்சு இது வந்தா, தட்டை யாரோ மாத்திட்டாங்கன்னு நினைப்பாங்க."

மகள் குச்சிகளை மடியில் வைத்தாள். "அப்படின்னா வேண்டாம். எட்டோட அனுப்பு. என் பாட்டைச் சேர்க்கறதுக்காக ஆல்பம் கெட வேண்டாம்."

"மணி பத்துதான் ஆகுது. அதுக்குள்ள என்ன தியாகம்?" என்றார் அத்தை. "ஷட்டர்ல வச்ச ரப்பரை எடுத்தா சரியாப் போச்சு."

மூவரும் ஷட்டரைப் பார்த்தார்கள். பிறகு ஒருவரையொருவர் பார்த்தார்கள்.

"நீ சொல்லு, குண்டூசி. நீதானே ரெக்கார்டிங் பாக்கற."

"அத்தை, நீங்க தங்கச்சி. உங்களை ஒண்ணும் சொல்ல மாட்டாரு."

"இல்லடா. பஸ் நின்னுபோய் அறுபது பேரை நடுரோட்டுல இறக்கி விட்டிருக்கேன். அப்பக்கூட எனக்கு வாய் வந்துச்சு. இதுக்கு வரல. சலவைச் சட்டை போட்டுக்கிட்டு நிக்கிறாரு பாரு."

"நான் சொல்றேன்" என்றாள் மகள். ஆனால் எழுந்திருக்கவில்லை.

அவள் எழுந்திருக்க அவசியமும் வரவில்லை. ஓடிக்கொண்டிருந்த எஞ்சின் நின்றால் மெக்கானிக்குக்குத் தூக்கத்தில்கூடத் தெரியும். பாட்டு நின்று பத்து நிமிஷம் ஆகிவிட்டது. அப்பா கதவைத் திறந்து தலையை நீட்டினார்.

"ஏன் நின்னுடுச்சு?"

மூவரும் மறுபடியும் ஷட்டரைப் பார்த்தார்கள்.

"என்ன பழுது?"

"பழுது இல்லப்பா" என்றாள் மகள். "பழுது இல்லாததுதான்... அப்பா, அந்த இரைச்சல் எங்களுக்கு வேணும்."

அப்பா உள்ளே வந்தார்.

"வேணுமா?"

"மத்த எட்டுலயும் அது இருக்கு. இதுல இல்லன்னா சேராது."

"வேணும்னே வச்சிருந்தீங்களா அதை?"

"வைக்கலப்பா. அதுவா வந்துச்சு. அப்புறம் எங்களுக்குப் பழகிடுச்சு. இப்ப அது இல்லாம எங்களுக்கே எங்களை அடையாளம் தெரியல."

அப்பா சட்டையின் முழுக்கைகளை மடித்துவிட்டுக்கொண்டார். "எழுபத்தாறு ரப்பர்" என்றார். "நாலு பேர் உட்கார்ந்தா ஆளுக்குப் பத்தொன்பது."

உட்கார்ந்தார்கள். ரப்பரைப் பிசின் போட்டு ஒட்டியிருந்தார் அப்பா. அவர் எதையும் அரைகுறையாகச் செய்கிறவர் இல்லை என்பது அன்றைக்கு மூவருக்கும் நகக்கண்ணில் தெரிந்தது. பிடுங்க வராத ஒவ்வொரு ரப்பருக்கும் அத்தை, "அண்ணா, உங்களை யாரு இவ்வளவு நல்லா வேலை பார்க்கச் சொன்னா?" என்றார். அப்பாவும் ஒவ்வொரு தடவையும் "நல்ல பிசின்" என்றே பதில் சொன்னார்.

ஒன்றரை மணிக்கு எழுபத்தாறும் வெளியே வந்தன. போல்ட்டுகளைத் தளர்த்தினார்கள். கிரீஸைத் துடைத்தார்கள். அப்பா ஷட்டரைத் தூக்கி இறக்கினார். தெரு நாய் ஒன்று எழுந்து குரைத்தது.

"வந்துடுச்சு" என்றார் அத்தை.

வாசித்தார்கள். போட்டுக் கேட்டார்கள்.

கடகட என்று கீழே ஒரு சத்தம் வந்திருந்தது. ஆனால் அந்தப் பளபளப்பு வரவில்லை.

குண்டூசி ஹெட்போனைக் கழற்றிக் கழுத்தில் மாட்டிக்கொண்டான். "பாதி வந்திருக்கு. மேல் பாதி இல்ல."

"மேல் பாதின்னா?"

"ஊஞ்சல் தெரியும்ல? ஒவ்வொரு ஊஞ்சலுக்கும் ஒரு வேகம் இருக்கு. அந்த வேகத்துக்கு ஏத்த மாதிரி தள்ளினா, ஒரு விரலாலேயே உயரமா ஆட்டிடலாம். நேரம் தப்பித் தள்ளினா ஆடாது. ஒவ்வொரு பொருளும் அப்படித்தான். அத்தை ஒரு சுரம் வாசிக்கறப்ப, அந்தச் சுரத்தோட வேகம் எந்தப் பொருளுக்கு ஒத்து வருதோ அது மட்டும் தானா ஆட ஆரம்பிக்கும். தொடவே வேண்டாம். ஷட்டர் கனமான பட்டை, அது மெதுவா ஆடும். நமக்கு இப்ப இல்லாதது வேகமா ஆடற ஏதோ ஒண்ணு. சின்னது. என்னன்னு தெரியல."

"கடையில காது கேக்காதவங்ககிட்டயும் இப்படித்தான் விளக்குவியா?" என்றார் அத்தை.

"அவங்க பொறுமையா கேப்பாங்க."

மகள் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். இரண்டு அடித்துப் பத்து நிமிஷம். நான்கு மைக்கிலும் பதிவானதைச் சேர்த்துக் கலவை செய்து அனுப்ப ஒரு மணி நேரமாவது வேண்டும். "எட்டோட அனுப்பிடலாம்" என்றாள் மறுபடியும். இந்தத் தடவை அத்தை கிண்டல் செய்யவில்லை.

அப்பா கையை நீட்டினார். "அதைக் குடு."

"எதை?"

"காதுல மாட்டறதை. பழைய பாட்டு ஒண்ணு போடு."

அப்பா ஹெட்போன் மாட்டிக்கொள்வது அதுவே முதல் தடவை. சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்துதான் ஐந்து மாதமாகக் கேட்டு வந்தார். கண்ணை மூடிக்கொண்டார். எஞ்சின் மூடியில் காதை வைத்துக் கேட்கும்போது மூடுவது போலவே. நான்காவது பாட்டு முழுக்க ஓடியது. முடிந்ததும் விரலைச் சுழற்றினார். குண்டூசி மறுபடியும் போட்டான்.

"பாப்பா, இதுல நீ கடைசியா இழுக்கற சுரம் எது? அதை மட்டும் வாசி. விடாம வாசி."

அத்தை வாசித்தார். அப்பா எழுந்து நடந்தார். ஒவ்வொரு பொருளின் மேலும் உள்ளங்கையை வைத்தார். ஜாக்கி. ஆயில் டின்கள். பழைய ரேடியேட்டர். ட்யூப்லைட் பட்டி. எங்கே நடுக்கம் இருக்கிறது என்று கை சொல்லும். இருக்கிற நூறு சத்தத்தில் எது என்று தேட இதைவிட நல்ல வழி அவருக்குத் தெரியாது. ஒவ்வொன்றாகத் தொட்டு, இது இல்லை, இது இல்லை என்று தள்ளிக்கொண்டே போக வேண்டும்.

டிரம்ஸுக்குப் பின்னால் இருந்த சுவருக்கு வந்ததும் கை நின்றது. அங்கே ஒரு மரப்பலகை. அதில் வரிசையாக ஆணிகள். ஆணிகளில் ஒன்றும் இல்லை.

"தகடு இல்ல" என்றார் அப்பா மெதுவாக. "உருக்கு. தொங்கற உருக்கு."

மகள் திரும்பிப் பலகையைப் பார்த்தாள். "அப்பா, இதுல மாட்டியிருந்த ஸ்பேனர் எல்லாம் எங்க?"

அப்பா பலகையிலிருந்து கையை எடுத்தார். வெளியே போனார். அவருடைய வண்டியின் டிக்கி திறந்து மூடும் சத்தம் கேட்டது. திரும்பி வந்தபோது கையில் ஒரு இரும்புப் பெட்டி இருந்தது. புதுப் பெட்டி. வேலைப் பலகைமேல் வைத்துத் திறந்தார்.

பச்சை ஃபோமில் ஒவ்வொரு ஸ்பேனருக்கும் அதனதன் வடிவத்தில் பள்ளம் வெட்டி, எட்டாம் நம்பரிலிருந்து முப்பத்திரண்டு வரை அடுக்கியிருந்தது. எண்ணெய் போட்டுத் துடைத்ததில் எல்லாம் பளிச்சென்று இருந்தன. ஒவ்வொன்றின் கழுத்திலும் மஞ்சள் பெயின்டில் ஒரு வளையம்.

"நாளைக்குக் குடுக்கலாம்னு இருந்தேன்" என்றார். "பஸ் ஸ்டாண்டுல."

"எதுக்குப்பா மஞ்சள்?"

"வேலை செய்யற இடத்துல நாலு பேரோடது கலந்துடும். எவனாவது தூக்கிட்டுப் போயிடுவான். அடையாளம் வேணும்ல."

"உங்களுக்கு?"

"எனக்கு இன்னொரு செட்டு இருக்கு."

"அது வழுக்குதுன்னு நீங்கதானே திட்டுவீங்க."

"திட்டிக்கிட்டே வேலை பார்ப்பேன்."

மகள் பதினாலாம் நம்பரை எடுத்துப் புரட்டிப் பார்த்தாள். அவள் சின்ன வயதில் முதலில் பிடிக்கக் கற்றது எந்த நம்பர் என்று அவளுக்கு நினைவில்லை. பெயின்டை நகத்தால் கீறிப் பார்த்தாள். நன்றாகக் காய்ந்து இறுகியிருந்தது.

"இது நேத்து அடிச்ச பெயின்ட் இல்லையே. எப்ப வாங்கினீங்க?"

அப்பா பெட்டியின் கொக்கியைச் சரிபார்ப்பதுபோல் இரண்டு தடவை போட்டுப் போட்டுக் கழற்றினார்.

"லெட்டர் வந்த அன்னிக்கு" என்றார்.

மகள் பதினாலாம் நம்பரைக் கீழே வைத்தாள். அப்பாவின் மடித்த கைப்பட்டையைப் பிடித்து ஒரு இழுப்பு இழுத்துவிட்டு, "இதை மாட்ட நேரமாகும், வாங்க" என்றாள்.

"ரெண்டு பேரும் அப்புறமா அழுதுக்கங்க" என்றான் குண்டூசி. "மணி மூணு."

"யாருடா அழுதா?" என்றார்கள் அப்பாவும் மகளும் ஒரே நேரத்தில்.

ஸ்பேனர்களை ஆணிகளில் மாட்டினார்கள். சின்னதிலிருந்து பெரியது வரை, அப்பா எந்த வரிசையில் வைத்திருந்தாரோ அந்த வரிசையில். அத்தை அந்தச் சுரத்தை இழுத்தார். முதலில் ஒன்றும் இல்லை. பிறகு சுவரிலிருந்து மெல்லிய ஓர் ஓசை எழுந்தது. ஒரு கிண்ணத்தின் விளிம்பைத் தடவினால் வருமே, அதுபோல. யாரும் தொடாமல் பதினேழாம் நம்பர் ஸ்பேனர் தன் ஆணியில் நடுங்கிக்கொண்டிருந்தது. அத்தை ஒரு சுரம் மேலே போனார். பதினேழு அடங்கியது. பதினாலு ஆரம்பித்தது.

அப்பா கிட்டே போய்ப் பார்த்தார். இருபது வருஷமாகத் தினமும் கையில் பிடித்தவை.

"இதுங்க பாடுதா?" என்றார்.

"அஞ்சு மாசமா பாடிட்டுத்தான் இருக்கு" என்றான் குண்டூசி.

நான்கு மணிக்கு முதல் முயற்சி. மகள் இரண்டாவது அடியில் வரியைத் தப்பவிட்டாள். இரண்டாவது முயற்சி நன்றாகப் போனது, மூன்று நிமிஷம் வரை. அப்போது முப்பத்திரண்டாம் நம்பர் அதிர்ந்து அதிர்ந்து ஆணியின் நுனிக்கு வந்து, தரையில் விழுந்தது. அந்தச் சத்தம் பாட்டில் ஒரு குண்டு வெடித்ததுபோல் பதிவானது.

"இது பாட்டுல இருக்கட்டுமா?" என்றார் அத்தை.

"வேண்டாம் அத்தை."

அப்பா குறடு எடுத்து எல்லா ஆணிகளின் நுனியையும் மேல்நோக்கி வளைத்தார். அப்படியும் அவருக்கு நம்பிக்கை வரவில்லை. பலகைக்குக் கீழே ஒரு முக்காலியைப் போட்டு உட்கார்ந்தார். "விழுந்தா பிடிச்சுக்கறேன். நீங்க வாசிங்க."

அப்படித்தான் அவர் முதல் தடவையாகப் பதிவின்போது உள்ளே இருந்தார். அவருக்கு ஓரடி முன்னால் மகளின் முதுகு. பக்கத்தில் பேஸ் கிடாருடன் தங்கை. மகள் பாடுகிற மைக் எல்லோருக்கும் நடுவில். கராஜில் கிரைண்டர் ஓட்டும்போது போட்டுக்கொள்ளும் காதுமூடியை மகள் போட்டுக்கொண்டாள். டிரம்ஸுக்கு அவ்வளவு பக்கத்தில் இருப்பவளுக்கு அது இல்லாமல் முடியாது. குண்டூசி மெஷினை ஓடவிட்டு, தன் இடத்துக்குப் போய்க் கிடாரை மாட்டினான். கொஞ்ச நேரம் எல்லோரும் அசையாமல் நின்றார்கள். பிறகு மகள் குச்சியோடு குச்சியை நான்கு தடவை தட்டினாள்.

*ரெண்டு மாடிக்கு நடுவுல நிக்குது*
*கதவைத் திறந்தா சுவர்தான் தெரியுது*
*மேல இருந்து ஒருத்தர் கூப்பிடறார்*
*கீழ இருந்தும் ஒருத்தர்...*

அவளுக்குப் பாட்டுக்காரியின் குரல் இல்லை. லிஃப்டுக்குள் மாட்டிக்கொண்டவர்களிடம், பயப்படாதீங்க, இதோ வந்துட்டேன் என்று வெளியிலிருந்து சொல்லிப் பழகிய குரல். அதையே வைத்துப் பாடினாள். அத்தையின் விரல்கள் கீழே இறங்க இறங்கச் சுவரில் ஒவ்வொரு ஸ்பேனராக விழித்துக்கொண்டது. கடைசி அடி விழுந்த பிறகும் அவை தாமாகக் கொஞ்ச நேரம் ஒலித்துக்கொண்டிருந்தன. அது முழுவதும் அடங்கும் வரை ஒருவரும் மூச்சு விடவில்லை.

ஒன்றும் கீழே விழவில்லை.

"அவ்வளவுதான்" என்றான் குண்டூசி. "இதுதான் அது."

மணி நாலு ஐம்பது.

அப்பா டீ போட வீட்டுக்குப் போனார். அத்தை கராஜின் மறுகோடியில் உட்கார்ந்து கிடாரின் கம்பிகளைத் துடைக்க ஆரம்பித்தார். அக்காவும் தம்பியும் ஆபீஸ் என்று சொல்லப்படுகிற கண்ணாடித் தடுப்புக்குள் போய், ஆளுக்கொரு ஹெட்போன் மாட்டிக்கொண்டு கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தார்கள்.

கலவை செய்யும்போது ஒரு வேலை உண்டு. ஒருவர் பாடும்போது சில வார்த்தை உரக்க வரும், சில வார்த்தை முணுமுணுப்பாக வரும். தட்டில் இரண்டும் கேட்க வேண்டும். அதனால் உரத்ததைக் கொஞ்சம் அமுக்கி, மெல்லியதைக் கொஞ்சம் மேலே தூக்குவார்கள். குண்டூசி அவளுடைய குரலுக்கு அதைச் செய்தான். ஒன்பது பாட்டையும் வரிசையில் வைத்துக் கேட்டான். எட்டாவது முடிந்து ஒன்பதாவது ஆரம்பித்தபோது அறை மாறவில்லை. அதே வீடு.

"சேர்ந்துடுச்சு" என்றான். அக்காவின் தோளில் தன் தோளால் ஒரு இடி இடித்தான். "இதுக்கா எட்டோட அனுப்புன்னு ரெண்டு தடவை அழுத?"

"யாருடா அழுதா?"

"சரி, அழல. ஆரம்பத்தை மட்டும் வெட்டிட்டு அனுப்பிடலாம். குச்சி தட்டறதுக்கு முன்னாடி ஏதோ இருக்கு."

"என்ன இருக்கு?"

"தெரியல. காத்தா இருக்கும். அமுக்கித் தூக்கினதுல மேல வந்திருக்கு." சத்தத்தைக் கூட்டி, பாட்டின் தொடக்கத்துக்குக் கொஞ்சம் முன்னாலிருந்து ஓடவிட்டான்.

காற்று இல்லை. காதுமூடி போட்டிருந்த அவளுக்கும், தூரத்தில் நின்ற அவனுக்கும் அப்போது கேட்டிருக்க முடியாத ரகசியக் குரல். அப்பாவுடையது.

"பசங்ககிட்ட சொல்லிட்டியா, பாப்பா?"

அதற்கு அத்தையின் குரல்.

"இல்லண்ணா. பாட்டு முடியட்டும்."

பிறகு குச்சியோடு குச்சி, நான்கு தட்டு.

குண்டூசி நிறுத்தினான். இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அத்தை தலை குனிந்து மூன்றாவது கம்பியை மேலிருந்து கீழாகத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"என்னக்கா அது?"

"தெரியல."

மணி ஐந்து நாற்பத்தெட்டு. அவன் விரல் வெட்டும் பட்டனின் மேல் இருந்தது. ஒரு நொடி வேலைதான். வெட்டிவிட்டால் பாட்டு சுத்தமாகக் குச்சித் தட்டலில் தொடங்கும். ஒருவருக்கும் ஒன்றும் தெரியாது.

"வெட்டட்டுமா?"

மகள் யோசித்தாள். "வேண்டாம்" என்றாள். "அதுவும் அந்த ரூம்ல இருந்ததுதானே. அப்படியே அனுப்பு."

அனுப்பினான். திரையில் பச்சைக் கோடு மெதுவாக நகர்ந்து முடிவைத் தொட்டது. ஐந்து ஐம்பத்தாறு. ஒரு நிமிஷத்தில் தட்டு வெட்டுகிறவரிடமிருந்து பதில் வந்தது. 'ஒன்பதும் வந்தது.'

குண்டூசி ஹெட்போனைக் கழற்றவில்லை. அவள் கழற்றினாள். கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு கராஜின் குறுக்கே நடந்தாள். அத்தை நிமிர்ந்து பார்த்துச் சிரித்தார்.

"அனுப்பியாச்சா?"

மகள் அவருக்கு எதிரே, குழிப் பலகையின் விளிம்பில் உட்கார்ந்தாள்.

"பாட்டு முடிஞ்சிடுச்சு, அத்தை" என்றாள்.

அத்தையின் கை கம்பியின்மேல் அப்படியே நின்றது.